நீதி கேட்டவர்கள் – 11: பாட்டிமார் திறந்த வழக்கு

சென்ற வாரம் நூரம்பர்க் நீதிமன்றத்தைப் பார்த்தோம். தோற்றுப்போன நாட்டின் தலைவர்களை வென்ற நாடுகள் கூண்டிலேற்றிய கதை அது. ஒரு நாடு தன் சொந்தப் படைத்தளபதிகளைத் தன் நீதிமன்றத்திலேயே, தன் குற்றவியல் சட்டத்தைக் கொண்டே விசாரிக்க முடியுமா? முடியும் என்று 1985-இல் அர்ஜென்டினா காட்டியது. அடுத்த இரண்டே ஆண்டுகளில் அதே நாடு சட்டம் போட்டு வழக்குகளை இழுத்து மூடியது. அவை முழுதாக உயிர்பெற 18 ஆண்டுகள் ஆயின. அந்த உயிர்ப்பில் பெரும்பங்கு, தலையில் வெள்ளைத் துணி கட்டிக்கொண்டு பேரக்குழந்தைகளைத் தேடி அலைந்த பாட்டிமாருடையது.

1976 மார்ச் 24 அதிகாலையில் அதிபர் இசபெல் பெரோன் கைது செய்யப்பட்டார். தரைப்படைத் தளபதி விதேலா, கடற்படைத் தளபதி மஸேரா, விமானப்படைத் தளபதி அகோஸ்தி ஆகிய மூவர் குழு ஆட்சியை எடுத்துக்கொண்டது. நாடாளுமன்றம் கலைக்கப்பட்டது. உச்ச நீதிமன்ற நீதிபதிகள் நீக்கப்பட்டுப் புதியவர்கள் அமர்த்தப்பட்டார்கள். தங்கள் ஆட்சிக்கு அவர்கள் சூட்டிய பெயர் 'தேசிய மறுசீரமைப்பு'.

பின்னால் நடந்தவற்றுக்கெல்லாம் கொரில்லாக் குழுக்களே காரணம் என்று தளபதிகள் கடைசிவரை வாதாடினார்கள். மோன்தொனேரோக்களும் மக்கள் புரட்சிப் படையும் ஆட்களைக் கடத்தினார்கள், அதிகாரிகளைச் சுட்டுக் கொன்றார்கள் என்பது உண்மை. ஆனால் ஆட்சிக் கவிழ்ப்புக்கு மூன்று மாதம் முன்பே, 1975 டிசம்பரில், மோன்தே சிங்கோலோ படைத்தளத்தைத் தாக்கப் போய் மக்கள் புரட்சிப் படை முதுகெலும்பு முறிந்து கிடந்தது. காணாமல் ஆக்கப்பட்டவர்களின் பட்டியலை எடுத்துப் பார்த்தால், ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கினர் ஆலைத் தொழிலாளர்கள். ஐந்தில் ஒருவர் மாணவர். தொழிற்சங்கக்காரர்கள், ஆசிரியர்கள், வழக்கறிஞர்கள், கன்னியாஸ்திரீகள்கூட அதில் இருக்கிறார்கள். போர் என்று சொல்லிக்கொண்டு அவர்கள் வேட்டையாடியது நிராயுதபாணிகளை.

வேர் இன்னும் ஆழத்தில் இருக்கிறது. 1930 செப்டம்பர் 6 அன்று ஜெனரல் உரிபுரு ஆட்சியைக் கவிழ்த்தார். நான்கே நாளில், செப்டம்பர் 10 அன்று, அர்ஜென்டின உச்ச நீதிமன்றம் ஒரு தீர்மானம் நிறைவேற்றியது: நடைமுறையில் ஆட்சி யார் கையில் இருக்கிறதோ அவர்களின் ஆணைகள் செல்லும் என்று. துப்பாக்கியோடு வந்தவனுக்கு நீதிபதிகளே சான்றிதழ் எழுதிக் கொடுத்தார்கள். அதன்பின் 1943, 1955, 1962, 1966, 1976 என்று வரிசையாகக் கவிழ்ப்புகள். 1976 வரை ஒரு தடவைகூடக் கவிழ்த்தவர்கள் கூண்டில் நின்றதில்லை. பெரும் மனித உரிமைக் கொடுமைகளுக்கு வறுமை, பகை, சித்தாந்தம் என்று பல காரணங்கள் சொல்லப்படுகின்றன. அர்ஜென்டினாவைப் படிக்கப் படிக்க, தண்டனையே இல்லாத அந்த நாற்பத்தாறு ஆண்டுப் பழக்கத்தைத்தான் நான் முதலில் வைப்பேன்.

அதற்கு மேல் கோட்பாடும் சேர்ந்தது. அல்ஜீரியாவில் விடுதலைப் போரை நசுக்கிய பிரெஞ்சு அதிகாரிகள் 1950-களின் இறுதியிலேயே பியூனஸ் அயர்ஸ் போர்க் கல்லூரியில் வகுப்பெடுத்தார்கள். எதிரி எல்லைக்கு வெளியே இல்லை, சொந்த மக்களுக்குள்ளேயே ஒளிந்திருக்கிறான், அவனிடம் தகவல் கறக்கச் சித்திரவதை வேண்டும் என்பது பாடம். அமெரிக்கா பனாமாவில் நடத்திய ராணுவப் பள்ளியும் இதையே வேறு வார்த்தைகளில் சொல்லிக் கொடுத்தது. 1975 அக்டோபரில், இன்னும் மக்களாட்சி நடந்துகொண்டிருக்கும்போதே, நாசவேலைக்காரர்களின் செயல்பாட்டை நாடு முழுக்க அழித்தொழிக்க ராணுவத்துக்கு அதிகாரம் அளிக்கும் அரசாணைகள் கையெழுத்தாயின. கையெழுத்திட்டவர்கள் தேர்ந்தெடுக்கப்பட்ட அரசின் அரசியல்வாதிகள்.

அண்டை நாடான சிலேயில் 1973-இல் விளையாட்டரங்கத்தில் ஆயிரக்கணக்கானோரை அடைத்துவைத்ததை உலகமே பார்த்தது. அர்ஜென்டினாவில் அப்படி எதையும் யாரும் பார்க்கவில்லை. இரவில் எண் பலகை இல்லாத கார் வரும், வீட்டிலிருந்து ஆளைத் தூக்கிப்போகும், அவ்வளவுதான். பட்டறை, காவல் நிலையம், படை முகாம் என்று சுமார் 340 ரகசியத் தடுப்பிடங்கள் இயங்கியது பின்னாளில் வெளிவந்தது. தலைநகரின் பரபரப்பான சாலை ஒன்றின் ஓரத்தில் இருந்த கடற்படை இயந்திரப் பள்ளியான எஸ்மாவுக்கு மட்டும் ஏறக்குறைய 5,000 பேர் கொண்டுபோகப்பட்டார்கள். பலரை மயக்க ஊசி போட்டு விமானத்திலிருந்து உயிரோடு கடலில் தள்ளினார்கள்.

பெற்றோர் நீதிமன்றத்துக்கு ஓடினார்கள். ஆட்கொணர்வு மனுக்கள் ஆயிரக்கணக்கில் குவிந்தன. நீதிபதி காவல்துறைக்கும் ராணுவத்துக்கும் கடிதம் எழுதுவார், அப்படி ஒருவர் எங்களிடம் இல்லை என்று பதில் வரும், மனு தள்ளுபடியாகும். பிடித்ததையே ஒப்புக்கொள்ளாத அரசின் முன்னால், பிடித்தவனை ஆஜர்படுத்து என்று கேட்கும் மனு கையற்று நின்றது. இங்கே நாமும் கொஞ்சம் தலைகுனிய வேண்டும். அதே 1976-இல், விதேலா ஆட்சிக்கு வந்த அடுத்த மாதம் ஏப்ரல் 28 அன்று, நம் உச்ச நீதிமன்றம் நெருக்கடி நிலை நீடிக்கும்வரை ஆட்கொணர்வு மனு போட யாருக்கும் வழியில்லை என்று தீர்ப்பளித்தது. ஐந்து நீதிபதிகளில் எச்.ஆர்.கன்னா ஒருவர் மட்டுமே மறுத்து எழுதினார். அது தவறான தீர்ப்பு என்று அதே நீதிமன்றம் சொல்வதற்கு 2017 வரவேண்டியிருந்தது.

நீதிமன்றங்கள் கைவிட்டபின் தெருதான் மிச்சம். 1977 ஏப்ரல் 30 அன்று அதிபர் மாளிகைக்கு எதிரே உள்ள மே சதுக்கத்தில் 14 தாய்மார் கூடினார்கள். கூட்டம் சேர்ந்து நிற்கக் கூடாது என்று போலீஸ் விரட்டியதால் சுற்றி நடக்கத் தொடங்கினார்கள். அவர்களைத் திரட்டிய அசுசேனா வியாஃப்ளோரை அந்த டிசம்பரிலேயே கடத்திக் கொன்றார்கள். கரை ஒதுங்கி, பெயரில்லாமல் புதைக்கப்பட்டிருந்த அவருடைய எலும்புகள் 2005-இல்தான் அடையாளம் காணப்பட்டன.

அந்தத் தாய்மாரில் சிலருக்கு இரட்டைத் துயரம். பிடிபட்டபோது அவர்களுடைய மகளோ மருமகளோ கர்ப்பிணி. எஸ்மாவிலும் மற்ற முகாம்களிலும் அந்தப் பெண்களைப் பிரசவம் வரை உயிரோடு வைத்திருந்து, குழந்தை பிறந்தபின் கொன்றார்கள். குழந்தைகள் ராணுவக் குடும்பங்களுக்கும் அவர்களுக்கு வேண்டியவர்களுக்கும் போயின. பொய்ப் பிறப்புச் சான்றிதழில் அவர்கள் பெற்ற பிள்ளைகளாகவே பதிவாயின. இப்படிச் சுமார் 500 குழந்தைகள் என்பது பாட்டிமார் அமைப்பின் கணக்கு. 1977-இல் தொடங்கிய அந்த அமைப்புக்குப் பின்னாளில் நெடுங்காலம் தலைவராக இருந்தவர் எஸ்தெலா தெ கார்லொத்தோ. அவருடைய மகளும் சிறையில் பிள்ளை பெற்றபின் கொல்லப்பட்டவர்.

பாட்டிமாருக்கு ஒரு நடைமுறைச் சிக்கல் இருந்தது. சந்தேகப்படும் குழந்தை தங்கள் பேரன்தான் என்று எப்படி நிரூபிப்பது? அப்போதிருந்த இரத்தச் சோதனைகளுக்குத் தாய் தந்தையின் இரத்தம் வேண்டும். அவர்களோ கடலடியில். இல்லாத பெற்றோரைத் தாண்டி, பாட்டி தாத்தாவின் இரத்தத்தை வைத்தே உறவை நிறுவ முடியுமா என்ற கேள்வியோடு அவர்கள் அமெரிக்கா வரை போனார்கள். மேரி-கிளேர் கிங் என்ற மரபியல் அறிஞர் 1984 முதல் அவர்களோடு வேலை செய்தார். தாயிடமிருந்து பிள்ளைக்கு மாறாமல் இறங்கும் மைட்டோகாண்ட்ரிய மரபணுவைப் படித்தால், தாய்வழிப் பாட்டியோ பெரியம்மாவோ மாமாவோ ஒருவர் இருந்தால்கூடப் போதும். 1987-இல் நாடாளுமன்றம் சட்டமியற்றி தேசிய மரபணு வங்கியை ஏற்படுத்தியது. தங்கள் ஆயுளுக்குள் பேரப்பிள்ளை கிடைக்காவிட்டாலும் தங்கள் இரத்தம் சாட்சி சொல்லட்டும் என்று அவர்கள் விட்டுப்போன சொத்து அது. இந்தக் கதையில் என்னை மிகவும் நெகிழவைப்பது இதுதான்.

மால்வினாஸ் தீவுகளுக்காக 1982-இல் பிரிட்டனோடு மோதித் தோற்றதும் ராணுவ ஆட்சி ஆட்டம் கண்டது. போவதற்கு முன் 1983 செப்டம்பரில் தளபதிகள் தங்களுக்குத் தாங்களே பொதுமன்னிப்புச் சட்டம் எழுதிக்கொண்டார்கள். டிசம்பர் 10-இல் அதிபராகப் பதவியேற்ற அல்ஃபோன்சின் அதை ரத்து செய்ய வைத்தார். ஒரே வாரத்துக்குள் ஒன்பது தளபதிகள் மீது வழக்குத் தொடர ஆணையிட்டார். எழுத்தாளர் எர்னெஸ்தோ சாபத்தோ தலைமையில் விசாரணை ஆணையமும் அமைத்தார். ஆணையம் 1984 செப்டம்பர் 20-இல் அறிக்கை தந்தது. அதில் பதிவான காணாமல் ஆக்கப்பட்டோர் எண்ணிக்கையே ஏறத்தாழ 9,000. உண்மையில் 30,000 பேர் என்று மனித உரிமை அமைப்புகள் சொல்கின்றன.

தளபதிகளை முதலில் ராணுவத்தின் உயர் மன்றமே விசாரிக்க வேண்டும் என்று விதி. அந்த மன்றமோ, ஆணைகளில் குறை சொல்ல ஒன்றுமில்லை என்று கைவிரித்தது. வழக்கு தலைநகரின் ராணுவம் சாராத மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு வந்தது. அரசுத் தரப்பில் ஹூலியோ ஸ்த்ரசேரா. துணைக்கு லூயிஸ் மொரேனோ ஒகாம்போ. மூத்த வழக்கறிஞர்கள் பலர் ஒதுங்கிக்கொண்டதால் இளைஞர்களையே பெரும்பாலும் வைத்து வழக்கைக் கட்டினார்கள். ஆயிரக்கணக்கான சம்பவங்களில் எழுநூற்றுச் சொச்சத்தைத் தேர்ந்தார்கள்: பல மாகாணங்களிலிருந்தும், ஒவ்வொரு படையின் பகுதியிலிருந்தும், கடத்தும் முறை ஒன்றேபோல் இருப்பதைக் காட்டும்படி.

ஆளைக் காணாமல் ஆக்குவது என்று ஒரு குற்றம் அன்றைய சட்டத்தில் இல்லை. கொலை, சித்திரவதை, சட்டவிரோதக் காவல், கொள்ளை என்று ஏற்கெனவே இருந்த பிரிவுகளையே ஸ்த்ரசேரா எடுத்தார். விதேலா தன் கையால் யாரையும் கொல்லவில்லையே என்ற கேள்விக்கு, ஒரு ஜெர்மன் சட்ட அறிஞரின் கோட்பாடு கைகொடுத்தது. மேலிருந்து இயக்கப்படும் அமைப்பில் கீழே உள்ளவன் மறுத்தால் அவன் இடத்துக்கு இன்னொருவன் வருவான். ஆகவே இயக்குபவனே கொலையாளி.

1985 ஏப்ரல் 22-இல் தொடங்கிய விசாரணையில் 833 பேர் சாட்சி சொன்னார்கள். ஆரம்ப நாட்களிலேயே ஓர் இயற்பியல் ஆசிரியை கூண்டேறினார். கண்ணைக் கட்டி, கைகளைக் கட்டி, ஒரு முகாமிலிருந்து இன்னொன்றுக்குக் கொண்டுபோகும் வழியில் போலீஸ் காரின் பின்னிருக்கையில் பெண் குழந்தை பெற்றவர். அவர் பேசியதை நாடு தொலைக்காட்சியில் கேட்கவில்லை. தினமும் சில நிமிடம், அதுவும் ஒலியில்லாமல்தான் காட்டினார்கள். ராணுவத்தைச் சீண்டக் கூடாது என்ற பயம். டிசம்பர் 9-இல் தீர்ப்பு. விதேலாவுக்கும் மஸேராவுக்கும் ஆயுள், மூவருக்கு 17 ஆண்டு முதல் நாலரை ஆண்டு வரை, நால்வர் விடுதலை. குழந்தைத் திருட்டு மேலிடத்துத் திட்டம் என்பது மட்டும் நிரூபிக்கப்பட்டதாக நீதிமன்றம் ஏற்கவில்லை. அன்று தோல்வியாகத் தெரிந்த இந்த இடத்தை நினைவில் வையுங்கள்.

தீர்ப்பு கீழ்நிலை அதிகாரிகளையும் விசாரிக்கச் சொன்னது. முகாம்களில் முணுமுணுப்பு எழுந்தது. 1986 டிசம்பரில் அல்ஃபோன்சின் 'முற்றுப்புள்ளிச் சட்டம்' கொண்டுவந்தார்: 60 நாளுக்குள் குற்றம் சாட்டப்படாதவர்கள் மீது இனி வழக்கில்லை. அரசு எதிர்பாராதது நடந்தது. பல நீதிமன்றங்கள் ஜனவரி விடுமுறையை விட்டுவிட்டு உட்கார்ந்து நூற்றுக்கணக்கானோர் மீது வழக்குப் பதிந்தன. 1987 ஈஸ்டர் வாரத்தில் அல்தோ ரிகோ என்ற அதிகாரி தலைமையில் முகத்தில் கரி பூசிய வீரர்கள் கம்போ தெ மாயோ முகாமைக் கைப்பற்றினார்கள். ஜூனில் 'கீழ்ப்படிதல் சட்டம்' வந்தது. கர்னலுக்குக் கீழுள்ள எல்லோரும் மேலிட ஆணைக்குப் பணிந்தே செய்தார்கள் என்று சட்டமே முடிவுகட்டியது. உச்ச நீதிமன்றமும் தலையாட்டியது. அடுத்து வந்த அதிபர் மெனெம் 1989-இலும் 1990-இலும் மன்னிப்பு வழங்க, விதேலாவும் மஸேராவும் வீடு திரும்பினார்கள். அல்ஃபோன்சின் கோழையல்ல, இன்னொரு கவிழ்ப்பைத் தடுத்தாக வேண்டும் என்று நம்பினார். ஆனால் அவர் கொடுத்த விலையை மற்றவர்களின் தாய்மார் செலுத்தினார்கள்.

கீழ்ப்படிதல் சட்டத்தில் சில குற்றங்களுக்கு விலக்கு இருந்தது. வன்புணர்வு, சொத்துப் பறிப்பு, குழந்தையைத் திருடி அடையாளத்தை மாற்றுதல். பிறந்த குழந்தையைத் தூக்கிக்கொண்டு போ என்பது எந்தப் படை ஆணையிலும் அடங்காது என்று அந்த நாடாளுமன்றத்துக்கே தோன்றியிருக்கிறது. பாட்டிமாரின் வழக்கறிஞர்கள் அந்த விலக்கைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்கள்.

இடைப்பட்ட ஆண்டுகளில் அரசு பணம் கொடுத்தது. 1991, 1994 சட்டங்கள் கைதிகளுக்கும் குடும்பங்களுக்கும் இழப்பீடு வழங்கின. இரத்தத்துக்கு விலை வேண்டாம் என்று தாய்மாரில் ஒரு பிரிவு மறுத்தது. மறுத்தவர்களையும் வாங்கியவர்களையும் எடைபோட நமக்குத் தகுதியில்லை. 1994-இல் வந்த இன்னொரு சட்டம் சிறியது, ஆனால் மனிதர்களைப் புரிந்துகொண்டது. வீட்டை விற்க, ஓய்வூதியம் வாங்க, மறுமணம் செய்ய இறப்புச் சான்றிதழ் வேண்டும். உடலைப் பார்க்காத தாய் மகன் இறந்தான் என்று எப்படிக் கையெழுத்திடுவாள்? ராணுவம் 1979-இல் அப்படித்தான் எழுதித் தரச் சொன்னது. புதிய சட்டம், பலவந்தமாகக் காணாமல் ஆக்கப்பட்டு இல்லாதிருப்பவர் என்ற தனிச் சட்டநிலையை உருவாக்கியது. அதே ஆண்டு அரசியலமைப்பு திருத்தப்பட்டு, சர்வதேச மனித உரிமை ஒப்பந்தங்கள் அரசியலமைப்புக்கு நிகரான இடம் பெற்றன. அது எவ்வளவு பெரிய மாற்றம் என்பது பத்தாண்டு கழித்துத் தெரிந்தது.

தண்டிக்க முடியாவிட்டால் உண்மையையாவது சொல்லுங்கள் என்று எமிலியோ மிக்னோனே போன்ற பெற்றோர் நீதிமன்றம் போனார்கள். அமெரிக்கக் கண்டத்து மனித உரிமை ஆணையத்தின் முன் அரசு அந்த உரிமையை ஒப்புக்கொண்டது. லா பிளாத்தா நகரில் 1998 முதல் தண்டனையே இல்லாத விசாரணைகள் நடந்தன. 1998 ஜூனில் விதேலா மறுபடி கைதானார். குழந்தைத் திருட்டுக்காக. 1985-இல் நிரூபிக்கப்படாமல் விடுபட்ட அதே குற்றம்.

பிறகு ஹூலியோ சிமோன் வழக்கு. 1978 நவம்பரில் இரு கால்களையும் இழந்து சக்கர நாற்காலியில் இருந்த ஒரு செயற்பாட்டாளரையும் அவர் மனைவியையும் எட்டு மாதக் குழந்தையையும் 'ஒலிம்போ' என்ற ரகசிய முகாமுக்குக் கொண்டுபோனார்கள். பெற்றோர் திரும்பவில்லை. ஒரு ராணுவ அதிகாரியின் மகளாக வளர்ந்த அந்தப் பெண் 2000-இல் மரபணுச் சோதனையால் அடையாளம் காணப்பட்டார். அந்த முகாமின் சித்திரவதையாளரான சிமோன் என்ற போலீஸ்காரரைக் குழந்தையை எடுத்த குற்றத்துக்கு விசாரிக்கலாம். பெற்றோரைச் சித்திரவதை செய்ததற்கு விசாரிக்க முடியாது. இந்த அபத்தத்தை மனித உரிமை வழக்கறிஞர்கள் நீதிபதி கப்ரியேல் கவாயோவின் முன் வைத்தார்கள். 2001 மார்ச் 6 அன்று முற்றுப்புள்ளி, கீழ்ப்படிதல் ஆகிய இரு சட்டங்களும் செல்லாது என்றார் அவர். எட்டு நாள் கழித்து, பெருவைப் பற்றிய ஒரு வழக்கில், அமெரிக்கக் கண்டத்து மனித உரிமை நீதிமன்றமும் இத்தகைய கொடுமைகளுக்குப் பொதுமன்னிப்பு செல்லாது என்று தீர்ப்பளித்தது. 2003-இல் நாடாளுமன்றமே இரு சட்டங்களையும் ரத்து செய்தது. 2005 ஜூன் 14-இல் உச்ச நீதிமன்றம் 7–1 என்ற கணக்கில் இறுதி முடிவு சொன்னது.

எதிர்த்த ஒரே நீதிபதி கார்லோஸ் ஃபாய்த்தின் கேள்வியை எளிதில் தள்ளிவிடக் கூடாது. குற்றம் செய்தபோது இல்லாத சட்டத்தைக் காட்டி ஒருவரைத் தண்டிக்கலாமா? இந்தப் பாதுகாப்பு நாளை நிரபராதிக்கும் தேவைப்படும். பெரும்பான்மை நீதிபதிகளின் பதில் எனக்கு ஏற்புடையது: மானுடத்துக்கு எதிரான குற்றங்களுக்குக் காலாவதி இல்லை என்ற சர்வதேச வழக்காறு அப்போதே இருந்தது. கொலையும் சித்திரவதையும் 1976-லும் அர்ஜென்டினச் சட்டப்படி குற்றங்களே. பின்னால் வந்தது மன்னிப்புதான்.

சிமோனுக்கு 2006 ஆகஸ்டில் 25 ஆண்டுச் சிறை. அடுத்த மாதம் இன்னொரு வழக்கில், முன்னாள் போலீஸ் அதிகாரி எச்செகோலாத்ஸுக்கு எதிராகச் சாட்சி சொன்ன ஓய்வுபெற்ற கொத்தனார் ஒருவர், தீர்ப்பு நாளுக்கு முந்தின தினம் காணாமல் போனார். 1970-களிலும் கடத்தப்பட்டுத் தப்பியவர் அவர். மக்களாட்சியில், மனித உரிமை பேசும் அரசின் காலத்தில், அவர் இன்றுவரை கிடைக்கவில்லை. சாட்சியைக் காப்பாற்றத் தெரியாத அரசு வழக்கைத் திறந்தால் என்ன நேரும் என்பதற்கு இதைவிட வேறு உதாரணம் வேண்டாம். 2012 ஜூலை 5-இல் குழந்தைத் திருட்டு திட்டமிட்ட செயல் என்பது நிரூபணமாகி, விதேலாவுக்கு 50 ஆண்டு விதிக்கப்பட்டது. அடுத்த ஆண்டு மே மாதம் சிறையிலேயே இறந்தார்.

பாட்டிமார் இதுவரை 130-க்கும் மேற்பட்ட பேரப்பிள்ளைகளைக் கண்டுபிடித்திருக்கிறார்கள். ஆனால் கண்டுபிடிக்கப்படுபவர்கள் எல்லோரும் கைகூப்பி வருவதில்லை. இரத்தம் தர மாட்டேன் என்றவர்கள் உண்டு. தன்னை வளர்த்தவரைச் சிறைக்கு அனுப்பும் ஆதாரம் தன் உடம்பில் இருக்கிறது என்றால், அதைக் கொடுக்கும்படி ஒருவரைக் கட்டாயப்படுத்தலாமா? 2009-இல் உச்ச நீதிமன்றம் உடலிலிருந்து பலவந்தமாக இரத்தம் எடுக்கக் கூடாது என்றது. வீட்டில் கிடைக்கும் பல்துலக்கியிலிருந்தும் துணியிலிருந்தும் மரபணு எடுக்கலாம் என்றது. அந்த ஆண்டே அது சட்டமானது. பாட்டியின் தேடும் உரிமையும் பேரனின் மறுக்கும் உரிமையும் மோதும் இடம் இது. இதில் நான் பாட்டியின் பக்கம்தான் நிற்கிறேன்; ஆனால் அந்தப் பேரன் குற்றவாளியல்ல, அவனும் பாதிக்கப்பட்டவன் என்பதை எந்த நீதிபதியும் மறந்துவிட முடியாது. ஐ.நா. குழந்தை உரிமை உடன்படிக்கையின் 8-ஆவது பிரிவில் அடையாளத்துக்கான உரிமை இடம்பெற்றதற்கு அர்ஜென்டினாவின் வற்புறுத்தலே காரணம். 2006-இல் ஐ.நா. ஏற்ற காணாமல் ஆக்குதலுக்கு எதிரான உடன்படிக்கையிலும் திருடப்பட்ட குழந்தைகளுக்கென்று தனிப் பிரிவு இருக்கிறது. அதில் 2007-இல் கையெழுத்திட்ட இந்தியா இன்னும் உறுதிப்படுத்தவில்லை. இலங்கை 2016-இல் உறுதிப்படுத்தி 2018-இல் சட்டமும் இயற்றியது. கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் 2017-இல் காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளைக் கேட்டுச் சாலையோரம் அமர்ந்த தாய்மாருக்குப் பதில் மட்டும் வரவில்லை.

உள்நாட்டுக் கதவுகள் எல்லாம் மூடியிருக்கும்போது அயல்நாட்டு நீதிபதி ஒருவர் கைது ஆணை பிறப்பிக்கலாமா? அடுத்த வாரம், 1998 அக்டோபர் 16 இரவு, லண்டன் மருத்துவமனை ஒன்றில் சிலேயின் முன்னாள் சர்வாதிகாரி பினோசே கைதானது எப்படி என்று பார்ப்போம்.

(தொடரும்)